மேகி ஸ்மித்தை வரையப் பழகிய நான்கு மாதங்கள்

ஹாரி பாட்டர் பார்த்து வளர்ந்த பலரையும் போல எனக்கும் ஆங்கில நடிகை மேகி ஸ்மித் என்றால் பேராசிரியை மெக்கோனகல்தான். கூரான தொப்பி, பச்சை அங்கி, ஒரு பார்வையிலேயே வகுப்பை அடக்கிவிடும் கண்கள். 2024 செப்டம்பர் 27 அன்று, 89 வயதில் அவர் லண்டனில் காலமான பிறகுதான் பழைய படங்களைத் தேடிப் பார்க்க ஆரம்பித்தேன். பார்க்கப் பார்க்க இந்த முகத்தை வரைய வேண்டும் என்று கை பரபரத்தது. ஒரு படம் போதாது. 1965-இல் ‘ஒத்தெல்லோ’, 2015-இல் ‘தி லேடி இன் தி வேன்’. நடுவே சரியாக ஐம்பது ஆண்டுகள். முப்பது வயது முகம் எண்பது வயது முகமாகப் போய்ச் சேர்ந்த வழியை ஆறு தாள்களில் பிடிக்க வேண்டும் என்று முடிவு செய்தேன்.

முதலில் எடுத்தது ‘தி பிரைம் ஆஃப் மிஸ் ஜீன் பிராடி’. 1969-இல் வந்த படம், அவருடைய முதல் ஆஸ்கார் இதற்குத்தான். 1930-களின் எடின்பரோவில் ஒரு பெண்கள் பள்ளி. மாணவிகளைத் தன் இஷ்டத்துக்கு வார்த்தெடுக்க நினைக்கும் ஆசிரியை. படத்தை ஓரிடத்தில் நிறுத்தினேன். தாளில் ஒரு சென்டிமீட்டர் கட்டம் போட்டேன். எச்பி பென்சிலில் கோடு, 2பி-யில் நிழல், முடிக்கு 4பி. மூக்கின் நீளம், தாடை, கழுத்து எல்லாம் அளவுப்படி இருந்தன. ஆனால் அது அவர் இல்லை. மூன்று தாள் போனது, மூன்றிலும் யாரோ ஒரு பெண்.

அந்தப் படத்திலேயே ஓர் ஓவிய ஆசிரியர் வருகிறார். யாரை வைத்து வரைந்தாலும் அவருடைய திரைச்சீலையில் பிராடியின் முகம்தான் வந்து நிற்கும். அந்த வேடத்தில் நடித்த ராபர்ட் ஸ்டீபன்ஸ் அப்போது மேகியின் கணவர். அந்தக் காட்சியைப் பார்த்தபோது உண்மையாகவே பொறாமையாக இருந்தது.

எங்கே தவறுகிறது என்று புரிய இரண்டு வாரம் பிடித்தது. எதிரில் இருப்பவர் பேசிக்கொண்டிருக்கும்போதே மேகியின் மேலிமை மெல்ல இறங்கத் தொடங்குகிறது. பாதி வழியில் நிற்கிறது. அப்புறம்தான் வாய் திறக்கிறது. நமக்குச் சிரிப்பு வருவது அந்த நின்ற இடத்தில். வசனம் அதற்குப் பின்னால்தான் வருகிறது. நான் நிறுத்தி வைத்த பிரேமில் இருந்தது, இமை போகிற வழியில் ஏதோ ஒரு புள்ளி. அதை அளந்து என்ன பயன்?

அதனால் முறையை மாற்றினேன். ஒரு காட்சியை நிறுத்தாமல் பத்துத் தடவை பார்ப்பது, திரையை அணைத்துவிட்டு நினைவிலிருந்து வரைவது. முதல் வாரம் முழுக்க இமைகள் மட்டும். ஒரே தாளில் நாற்பது இமைகள் வரைந்திருப்பேன். கை வேர்வையில் கரி இழுகிக்கொண்டே இருந்தது. கைக்கு அடியில் ஒரு வெற்றுத்தாள் வைத்த பிறகு சரியானது. நாலாவது பிராடி முழுமையாக வரவில்லை என்றாலும், பார்த்தவுடன் தங்கை பெயரைச் சொல்லிவிட்டாள்.

‘ஒத்தெல்லோ’வைச் சீக்கிரம் முடித்துவிட்டேன். நாடகமேடை நடிப்பை அப்படியே படம்பிடித்தது போல இருக்கிறது. வெள்ளையரான லாரன்ஸ் ஒலிவியே கறுப்பினத்து ஒத்தெல்லோவாக முகத்தில் கருமை பூசிக்கொண்டு நடிப்பதை இன்று பார்க்கச் சங்கடமாகவும் இருந்தது. ஒத்தெல்லோவின் மனைவி டெஸ்டிமோனாவாக வரும் மேகியின் தோளும் கழுத்தும் மட்டும் மனதில் நின்றன, அவற்றை வரைந்தேன்.

‘கலிபோர்னியா சூட்’ (1978) பார்த்தபோது முகத்தை விட்டுவிட்டுக் கைகளுக்குப் போனேன். ஆஸ்கார் விழாவுக்கு வந்து தோற்றுத் திரும்பும் ஆங்கில நடிகையின் வேடம் அது. தோற்றவளாக நடித்ததற்கே அவருக்கு இரண்டாவது ஆஸ்கார் கிடைத்தது. மணிக்கட்டு மடங்கும் விதத்தை மட்டும் ஒரு தாள் முழுக்கப் போட்டேன்.

இந்த நான்கு மாதத்தில் என்னை அதிகம் பிடித்து வைத்தது ஒரு தொலைக்காட்சி நாடகம். 1988-இல் பிபிசியில் வந்த ‘டாக்கிங் ஹெட்ஸ்’ வரிசையில் ஆலன் பென்னட் எழுதிய ‘பெட் அமங் தி லென்டில்ஸ்’. பாதிரியாரின் மனைவி சூசன், கேமராவைப் பார்த்துத் தனியாகப் பேசுகிறாள். குடிப்பழக்கம் அவளைத் தின்றுகொண்டிருக்கிறது. கணவருக்கும் தேவாலயத்துக்கு வருகிறவர்களுக்கும் அவள் ஒரு பொருட்டே இல்லை. அவளை மனுஷியாக நடத்துகிற ஒரே ஆள் லீட்ஸ் நகரில் மளிகைக் கடை வைத்திருக்கும் இந்தியர், ரமேஷ். தலைப்பில் உள்ள படுக்கை அவர் கடையின் பின்கட்டில், பருப்பு மூட்டைகளுக்கு நடுவே. நம் ஊர் மளிகைக் கடைகளின் பின்கட்டு வாசனை தெரிந்தவர்களுக்கு அந்த இடம் உடனே கண்முன் வந்துவிடும். ரமேஷை நாம் ஒரு தடவைகூடப் பார்ப்பதில்லை. அவரைப் பற்றிப் பேசும்போது சூசனின் முகத்தில் வரும் வெளிச்சத்தில்தான் அவர் இருக்கிறார்.

வரைவதற்கு இதைவிட நல்ல பாடம் கிடைக்காது. முகத்துக்கு ஓடி ஒளிய இடமில்லை. ஏழு தாள் வரைந்தேன். அதே 1988-இல் அவருக்கு, கண்களைத் துருத்தச் செய்யக்கூடிய, தைராய்டு சார்ந்த கிரேவ்ஸ் நோய் இருப்பது தெரியவந்து, கதிர்வீச்சு சிகிச்சையும் கண்ணில் அறுவை சிகிச்சையும் நடந்ததைப் பிற்பாடு படித்தேன். அதுவரை அவருடைய கண்களை வரையும்போது என்னையறியாமல் ‘திருத்திக்கொண்டே’ இருந்திருக்கிறேன், கொஞ்சம் சிறிதாக்கி, கொஞ்சம் உள்ளே தள்ளி. அன்றிலிருந்து அதை விட்டுவிட்டேன். இருக்கிறபடியே வரைந்தபோது பார்வை தானாக வந்தது.

‘டவுன்டன் அபே’ தொலைக்காட்சித் தொடரில் (2010–2015) வயலட் சீமாட்டியின் லேஸ் கழுத்துப்பட்டைக்கே மூன்று நாள் போனது. இந்த வேடத்துக்கு மூன்று எம்மி விருதுகள். சாப்பாட்டு மேசையில் “வார இறுதி என்றால் என்ன?” என்று கேட்பாரே, அந்த இடத்தைத்தான் எடுத்தேன். முதலில் உதட்டோரத்தைக் கேலியாக ஏற்றிவிட்டிருந்தேன். மறுபடி பார்த்தபோது தெரிந்தது, அவர் கிண்டல் பண்ணவே இல்லை. வேலைக்குப் போகிறவர்களின் வாரக் கணக்கே தெரியாத ஒருத்தி நிஜமாகவே கேட்கிறாள். உதட்டை அழித்துச் சமமாக்கியதும் படம் உட்கார்ந்துவிட்டது.

இப்போது மேசையில் இருப்பது ஆறாவது தாள், ‘தி லேடி இன் தி வேன்’ படத்தின் மிஸ் ஷெப்பர்ட். லண்டனின் கேம்டன் டவுனில் அதே ஆலன் பென்னட்டின் வீட்டு முற்றத்தில் வேனை நிறுத்தி அதிலேயே 15 வருடம் வாழ்ந்த பெண்மணி. மேகி 1999-இல் மேடையிலும் 2015-இல் படத்திலும் இவராக நடித்தார்; படப்பிடிப்பும் அந்த நிஜ வீட்டிலேயே நடந்தது. இந்தத் தடவை கட்டம் போடவில்லை. இடது இமையிலிருந்து தொடங்கினேன். முகம் முடிந்துவிட்டது, அவராகவே இருக்கிறார். ஒன்றன்மேல் ஒன்றாகப் போட்டிருக்கும் அந்த அழுக்குக் கோட்டுகளுக்கு 6பி வேண்டும். இருந்த பென்சில் விரல்கடை அளவுக்குக் கரைந்துவிட்டது. நாளை சாயங்காலம் வாங்கி வந்து, கழுத்துத் துணியிலிருந்து ஆரம்பிக்க வேண்டும்.