கப்பிக்கு எண்ணெய் விட்ட கதை

பகலில் கல்யாண வீடுகளுக்கும் கோவில் திருவிழாக்களுக்கும் ஒலியமைப்புச் செய்வது என் தொழில். இரவில், அந்த வருமானத்தில் வாங்கிய கருவிகளைக் கொண்டு, வீட்டுப் பொருட்களின் ஓசைகளிலிருந்து மின்னொலி இசை அமைக்கிறேன். முதலாவதற்குக் கூலி உண்டு. இரண்டாவதற்கு விளக்கம் சொல்லவேண்டிய கடமை மட்டுமே உண்டு.

திருகோணமலை ஒலிப்பதிவுக்கு இலகுவான ஊரன்று. ஆண்டின் நடுப்பகுதியில் கச்சான் வீசத் தொடங்கினால், முற்றத்தில் வைத்த ஒலிவாங்கியில் தென்னோலையின் இரைச்சலைத் தவிர வேறெதுவும் பதியாது; காற்று ஓய்ந்த நாட்களிலோ கடலின் தாழ்ந்த உறுமல் உப்புவெளியில் உள்ள எங்கள் வீட்டுச் சுவரைத் தாண்டி வந்துவிடும். ஆகவே கோவில் மணிக்கும் பள்ளிவாசல் பாங்குக்கும் முந்திய அந்த அதிகாலை இடைவெளியில்தான் பெரும்பாலான பதிவுகளைச் செய்திருக்கிறேன். அந்த நேரத்தில் ஒருவன் கிணற்றடியில் குந்தியிருந்து வாளியைத் தட்டிக்கொண்டிருந்தால் அயலவர் என்ன நினைப்பார்கள் என்பதை எழுதவேண்டியதில்லை.

காற்றின் தொல்லைக்குப் பயந்துதான் பீசோ தகட்டை நாடினேன். பொருளோடு ஒட்டிவைத்தால் வெளிக் காற்றை விட்டுவிட்டு அதன் உடலில் ஓடும் அதிர்வை மட்டும் பிடிக்கும் மெல்லிய வட்டத் தகடு அது. திருவலையின் பலகையில் ஒட்டிப் பெரியம்மாவைத் தேங்காய் திருவச் சொன்னபோது, காதுக்கு வெறும் கரகரப்பாகக் கேட்பது, உள்ளே ஆழமான முனகலாக ஓடிக்கொண்டிருந்தது. ஆனால் அந்த முனகலைப் பதிவில் கொண்டுவர எனக்குப் பல வாரங்கள் பிடித்தன. தகட்டை நேரே ஒலிக்கலவைக் கருவியான மிக்ஸரில் செருகியதுதான் பிழை. அத்தகடு ஏறத்தாழ 20 நானோஃபாரட் கொண்ட ஒரு சிறு மின்தேக்கி போன்றது. மிக்ஸரின் 10 கிலோ ஓம் (10 ஆயிரம் ஓம்) மின்தடையுள்ள நுழைவாயிலோடு அது சேரும்போது 800 ஹேர்ட்ஸுக்குக் கீழுள்ளவை தேயத் தொடங்கி, எல்லாமே தகர டப்பாவின் ஓசையாகிவிடுகின்றன. 10 இலட்சம் ஓம் நுழைவுத் தடை உள்ள சிறிய முன்பெருக்கி ஒன்றை இடையில் வைத்ததும் அந்த எல்லை 8 ஹேர்ட்ஸுக்கு இறங்கியது. திருவலை தன் அடிக்குரலில் பேசியது.

இந்த வகை இசைக்கு வழி திறந்தவர் பிரெஞ்சு வானொலியில் பொறியியலாளராக இருந்த பியேர் ஷேஃபர். பாரிஸின் பட்டினியோல் ரயில் நிலையத்தில் நீராவி எஞ்சின்களைப் பதிவுசெய்து, 1948ஆம் ஆண்டு அவர் அமைத்த ஐந்து ஓசைப் பயிற்சிகள் அவ்வாண்டு ஒக்டோபர் 5ஆம் திகதி ஒலிபரப்பாயின. அவற்றுள் ஒன்றில் சமையல் பாத்திரங்களும் உண்டு. மணியோசையின் தொடக்க அடியை வெட்டி நீக்கிவிட்டால், எஞ்சிய நாதத்தை மணி என்று காது ஒப்புக்கொள்வதில்லை என்பதை அவர் கண்டறிந்தார். ஓசை எதிலிருந்து வந்தது என்பதை மறந்து, அதன் வடிவத்தை மட்டும் கேட்கப் பழகவேண்டும் என்பது அவர் கொள்கை. நானும் நெடுநாள் அதையே வேதமாகக் கொண்டிருந்தேன். அடையாளம் தெரியாதபடி ஓசையைச் சிதைப்பதே திறமை என்று நம்பினேன்.

அந்த நம்பிக்கையோடுதான் எங்கள் கிணற்றுக் கப்பியை எடுத்துக்கொண்டேன். துருப்பிடித்த அச்சில் சக்கரம் ஒரு கணம் பிடித்து மறுகணம் வழுக்குவதால் பிறக்கும் கிரீச்சொலி அது. வில் பட்ட வயலின் தந்தி பாடுவதும் இதே முறையில்தான். அதை நான்கு மடங்கு மெதுவாக்கி, தொடக்க அடிகளை வெட்டி, எட்டு நிமிட அமைப்பாக்கிப் பெரியம்மாவுக்குப் போட்டுக் காட்டினேன். மரியாதைக்காக இறுதிவரை இருந்தார். தற்செயலாக அடுத்ததாக ஓடிய மூலப்பதிவைக் கேட்டதும்தான் நிமிர்ந்து, “எங்கட கிணத்துக் கப்பியெல்லோ! அதுக்கு எண்ணெய் விடேல்லையோ தம்பி?” என்றார்.

மெதுவாக்கிய பகுதி மங்கலாக இருந்ததற்கு வேறொரு காரணமும் உண்டு. 48 கிலோ ஹேர்ட்ஸில், அதாவது விநாடிக்கு 48 ஆயிரம் மாதிரிகள் வீதம், பதிந்தது அதில் பாதியான 24 கிலோ ஹேர்ட்ஸ் வரையான அதிர்வுகளைத்தான் தாங்கும். நான்கு மடங்கு மெதுவாக்கினால் அந்த உச்சம் 6 கிலோ ஹேர்ட்ஸாகச் சுருங்கி, ஓசை கம்பளிக்குள் பொதிந்ததுபோலாகிவிடும். 96இல் மீண்டும் பதியவேண்டும் என்று தீர்மானித்து மறுநாள் அதிகாலை கிணற்றடிக்குப் போனேன். கயிற்றை இழுத்தேன்; கப்பி வாயே திறக்கவில்லை. பெரியம்மா சொல்லி முதல்நாள் மாலையே மச்சான் தாராளமாக எண்ணெய் விட்டிருந்தார். அவரிடம் கோபிக்க எனக்கு நியாயம் இருக்கவில்லை. மூன்று ஆண்டுகளாக அந்த வீட்டில் தண்ணீர் அள்ளுபவர் அவர்.

துரு மீண்டும் ஏறக் காத்திருக்கலாம் என்று முதலில் எண்ணினேன். பிறகு பழைய பதிவையே எடுத்துக் கேட்டபோது, பெரியம்மாவைத் தலை நிமிரச் செய்த அந்தக் கணம் எட்டு நிமிட அமைப்பில் எங்குமே இல்லை என்பது தெரிந்தது. ஷேஃபரின் கொள்கை ரயிலைத் தினமும் கேட்கும் நகரத்தில் அவசியமாக இருந்திருக்கலாம்; இங்கே குழாய்த் தண்ணீர் வந்தபின் கப்பியின் ஓசையே அரிதாகி வருகிறது, அதை நான் ஏன் மறைக்கவேண்டும்? மெதுவாக்கிய அடுக்குகளில் பாதியைக் கழித்தேன். திருவலையின் முனகலை அடியில் ஓடவிட்டேன். இப்போது மூன்றாவது நிமிடத்தில் மற்ற எல்லா ஓசைகளும் விலக, கப்பி தன் இயல்பான வேகத்தில் பதினொரு விநாடிகள் கிரீச்சிடுகிறது. அதன்பின் வாளி தண்ணீரில் விழுகிறது.