143-வது தவணை

வீட்டுக் கடன் பிரிவில் என் மேசைக்கு முன்னால் வந்து உட்கார்ந்தவர்களில் பெரும்பாலானோர் முதலில் கேட்டது ஒரே கேள்விதான். "மாசம் எவ்வளவு சார் வரும்?" மொத்தம் எவ்வளவு கட்டி முடிக்க வேண்டியிருக்கும் என்று கேட்டவர்களை விரல் விட்டு எண்ணிவிடலாம். அவர்களைக் குறை சொல்ல எனக்கு வாய் வராது. விளம்பரத் தட்டியிலும் ஒப்புதல் கடிதத்திலும் மாதத் தொகையைத்தான் நாங்கள் தடித்த எழுத்தில் அச்சிட்டுக் கொடுத்தோம். அந்தக் கேள்வியை அவர்கள் வாயில் போட்டதே நாங்கள்தான்.

இதை எனக்கு உறைக்க வைத்தவர் ஒரு பள்ளி ஆசிரியை. பதினோரு வருடமாக ஒரு தவணைகூடத் தவறாமல் கட்டியவர். ஒருநாள் கடன் ஸ்டேட்மென்டை நான்காக மடித்துக் கொண்டுவந்து மேசைமேல் விரித்தார். மடிப்புகளில் தாள் நைந்திருந்தது; வீட்டில் பல தடவை பிரித்துப் பார்த்திருக்கிறார் என்று தெரிந்தது. "தம்பி, பாதிக் காலத்துக்கு மேலயே கட்டியாச்சு. அசல் பாதிகூடக் குறையலையே? எங்கயாவது தப்பா ஏறியிருக்கான்னு பாருப்பா" என்றார். நான் பார்த்தேன். தப்பு எதுவும் இல்லை. கணக்கு அப்படித்தான் போகும். அதை அவரிடம் சொல்வதற்குத்தான் எனக்குக் கஷ்டமாக இருந்தது.

அவருடைய கடன் விவரத்தை இங்கே எழுதப்போவதில்லை. எல்லோருக்கும் விளங்கும்படி ஒரு முழுத் தொகையை எடுத்துக்கொள்கிறேன். 50 லட்சம் கடன், ஆண்டுக்கு 8.5 விழுக்காடு வட்டி, 20 ஆண்டுகள். தவணை 43,391. முதல் மாதம் அதில் 35,417 வட்டிக்குப் போகும், 7,974 மட்டும் அசலில் கழியும். காரணம் எளிது. பாக்கி இருக்கும் அசலுக்குத்தான் வட்டி. முதல் மாதம் பாக்கி முழுசாக இருக்கிறது. ஒவ்வொரு மாதமும் அசல் கொஞ்சம் கரைய, அடுத்த மாத வட்டி அந்த அளவுக்குக் குறைய, தவணையில் அசலின் பங்கு ஏறும். ஆனால் எறும்பு ஊர்வதுபோல் ஏறும்.

எங்கள் அலுவலகத்தில், மாதாமாதம் வட்டி எவ்வளவு அசல் எவ்வளவு என்று காட்டும் தவணை அட்டவணை ஒரு தாளுக்கு 30 வரிசை வீதம் எட்டுத் தாளாக அச்சாகி வரும். வாடிக்கையாளர் ஒவ்வொரு தாளின் அடியிலும் கையெழுத்துப் போடுவார். நான் தாள்களைப் புரட்டிப் புரட்டிக் கையெழுத்துப் போடவேண்டிய இடத்தை விரலால் காட்டுவேன். நடுவில் இருக்கும் எண்களை அவரும் பார்த்ததில்லை, நானும் பார்க்கச் சொன்னதில்லை. ஆசிரியை வந்துபோன அன்று சாயங்காலம்தான், எல்லோரும் கிளம்பிய பிறகு, ஓர் அட்டவணையை வரிசை வரிசையாகப் படித்தேன். மேலே சொன்ன கணக்கில் அசலின் பங்கு வட்டியின் பங்கை முதல்முறையாகத் தாண்டுவது 143-வது தவணையில்: வட்டி 21,665, அசல் 21,726. ஐந்தாம் தாளின் கீழ்ப்பகுதியில் அந்த வரிசை இருக்கும். அதாவது பதினோரு ஆண்டும் பத்து மாதமும் கட்டிய பிறகு. அதற்குள் கொடுத்தது 61 லட்சத்துக்கு மேல். அப்போதும் பாக்கி அசல் 30 லட்சத்துக்கு மேல். பாதிக் கடன் தீருவதற்கே பதின்மூன்று வருடம் பத்து மாதம் ஆகும். எட்டாவது தாளின் கடைசி வரிசைக்கு வரும்போது மொத்தம் 1 கோடியே 4 லட்சம் கட்டியிருப்போம். கடன் 50 லட்சம், வட்டி 54 லட்சம்.

மார்ட்கேஜ் என்ற சொல்லுக்குப் பழைய பிரெஞ்சில் 'செத்த அடமானம்' என்று பொருள். பதினேழாம் நூற்றாண்டு ஆங்கிலேய சட்ட அறிஞர் எட்வர்ட் கோக் இதற்கு விளக்கம் சொல்லியிருக்கிறார்: கடனைக் கட்டாவிட்டால் நிலம் கடன் வாங்கியவனுக்குச் செத்துவிடும், கட்டிவிட்டால் அடமானம் கடன் கொடுத்தவனுக்குச் செத்துவிடும். தவணை அட்டவணைக்கு அமார்டைசேஷன் என்று பெயர். அதற்குள்ளும் அதே சாவுதான் இருக்கிறது, கடனைக் கொஞ்சம் கொஞ்சமாகச் சாகடிப்பது. கடன் எவ்வளவு மெதுவாகச் சாகிறது என்பதைத்தான் அந்த எட்டுத் தாளும் சொல்கின்றன.

நான் செய்ததில் இன்றும் மனசை அறுப்பது காலத்தை நீட்டிக் கொடுத்தது. தவணையைக் கேட்டதும் ஒருவர் முகம் வாடினால், கணினியில் 20 என்ற இடத்தில் 30 போடுவேன். தவணை 43,391-லிருந்து 38,446 ஆகும். "அப்பாடா, இது தாங்கும் சார்" என்பார்கள். மாதம் 4,945 குறைந்தது. அதே விசைத் தட்டலில் மொத்த வட்டி 54 லட்சத்திலிருந்து 88 லட்சமாக ஏறியதைத் திரை காட்டாது, நானும் சொல்லமாட்டேன். இதே கடனை 15 ஆண்டில் அடைக்க மாதம் 49,237 வேண்டும், வட்டி 38.6 லட்சத்தோடு நிற்கும். 20 ஆண்டுத் தவணைக்குமேல் மாதம் 5,846 கூடுதல், அவ்வளவுதான். அந்தக் கூடுதலைத் தாங்கக்கூடியவர்கள் எத்தனையோ பேர் என் முன்னால் உட்கார்ந்திருக்கிறார்கள். அவர்களிடம் அந்த மூன்றாவது எண்ணை நான் காட்டியதே இல்லை.

இனி ஆசிரியையின் இரண்டாவது கேள்வி. கடன் வாங்கும்போது கடைசித் தவணைத் தேதி அவர் ஓய்வுபெறும் மாதத்துக்கு முன்னாலேயே இருந்தது. இப்போது அது ஓய்வைத் தாண்டிப் போயிருந்தது. "இதை யாரு மாத்தினா?" என்றார்.

யாரும் கை வைத்து மாற்றவில்லை. அவருடையது ஃப்ளோட்டிங் வட்டி. அமெரிக்காவில் முப்பது வருடத்துக்கும் ஒரே வட்டி என்பது சாதாரண வழக்கம். நாங்கள் கொடுத்ததில் பெரும்பகுதி சந்தையோடு ஏறி இறங்கும் வட்டி. ஏறும்போது தவணையைக் கூட்டினால் வாடிக்கையாளர் உடனே போன் செய்வார். அதனால் தவணையைத் தொடாமல் மாதங்களைக் கூட்டிவிடுவார்கள். கையிலிருந்து போகும் தொகை அப்படியே இருப்பதால் ஒன்றும் நடக்கவில்லை என்றே நினைத்துக்கொண்டிருப்போம். நம் 50 லட்சத்தில், தொடக்கத்திலேயே வட்டி 8.5-லிருந்து 9.5 ஆகி, தவணை 43,391-லேயே நின்றால், 240 மாதம் 309 மாதமாகிவிடும். ஒரே ஒரு விழுக்காட்டுக்கு ஐந்தே முக்கால் வருடம். 10.5 ஆனால் நிலைமை இன்னும் மோசம்: மாத வட்டியே 43,750. தவணை வட்டிக்கே போதாது, கட்டக் கட்டக் கடன் வளரும். அமெரிக்காவில் 2008 நெருக்கடிக்கு முன் ஆப்ஷன் ஏஆர்எம் என்ற பெயரில் வட்டியைவிடக் குறைந்த தவணை கட்ட அனுமதித்த கடன்களை விற்றார்கள்; அவற்றிலும் இப்படித்தான் அசல் ஏறிக்கொண்டே போனது.

வட்டி மாறியதைத் தெரிவிக்கும் கடிதம் ஆசிரியைக்கும் போயிருந்தது. நான் கோப்பில் தேடி எடுத்துப் பார்த்தேன். இரண்டு பத்தி. புதிய வட்டி விகிதம் முதல் வரியில் இருந்தது. புதிய முடிவுத் தேதி எங்குமே இல்லை. ஒரு மனுஷியின் ஓய்வுக்காலத்துக்குள் கடன் நுழைந்துவிட்டது என்று சொல்ல ஒரு வரி எழுத முடியாதா? அன்று எனக்கு வந்த கோபம் இன்னும் முழுசாக ஆறவில்லை.

சின்னச் சின்னச் செலவுகளும் உண்டு. பிராசசிங் ஃபீஸ், சட்ட ஆலோசனை, மதிப்பீட்டுக் கட்டணம் எல்லாம் கண்ணுக்குத் தெரியும், ஒரு தடவை வலிக்கும், போய்விடும். கண்ணுக்குத் தெரியாமல் ஒட்டிக்கொள்வது கடனோடு சேர்த்து விற்கும் காப்பீடு. "பிரீமியத்தைக் கையிலிருந்து தர வேண்டாம், லோன்லயே சேர்த்துடலாம்" என்று நானே சொல்லியிருக்கிறேன். 1.5 லட்சம் பிரீமியத்தை 20 ஆண்டுக் கடனில் சேர்த்தால் அது 3.12 லட்சமாக வெளியே போகும். காப்பீடு வேண்டாம் என்று சொல்லமாட்டேன். கடன்காரர் இறந்துபோன வீடுகளின் கோப்புகளைக் கையாண்டிருக்கிறேன், அது அவசியம். ஆனால் தனியாக வாங்கி, தனியாகக் கட்டவேண்டிய ஒன்று. அதேபோல், வட்டி மாதாமாதம் குறையும் அசலுக்கா, ஆண்டுக்கு ஒருமுறை குறையும் அசலுக்கா என்று பார்க்கவேண்டும். இரண்டிலும் 8.5 என்றுதான் எழுதியிருக்கும். ஆண்டுக் கணக்கில் தவணை 44,030. இருபது ஆண்டில் 1.53 லட்சம் அதிகம்.

என் மேலதிகாரி ஒருவர் நான் இதையெல்லாம் சொல்லிப் புலம்பியபோது பொறுமையாகக் கேட்டுவிட்டு, "மொத்தத்தைக் கூட்டிக் காட்டறதும் பாதி உண்மைதான்" என்றார். அவர் சொன்னதில் நியாயம் இருந்தது. விலைவாசி ஆண்டுக்கு 5 விழுக்காடு ஏறினால், இருபதாம் ஆண்டு முடிவில் கொடுக்கும் 43,391 இன்றைய மதிப்பில் ஏறக்குறைய 16,350. சம்பளமும் ஏறும். வாடகை கொடுத்துக்கொண்டிருந்தால் அதுவும் போன பணம்தான். ஆகவே 54 லட்சம் வட்டியைப் பார்த்து மிரண்டு கடனே வேண்டாம் என்று ஓடுவது சரியான முடிவாக இருக்காது. அதை ஒத்துக்கொள்கிறேன். ஆனால் அவர் கணக்கில் சம்பளம் தவறாமல் ஏறுகிறது. என் மேசைக்கு வந்தவர்கள் எல்லோருக்கும் அப்படி ஏறவில்லை. பிடிக்காத வேலையில், மதிக்காத மேலாளரிடம், "தவணை இருக்கே சார், விட முடியாது" என்று பத்து வருடம் உட்கார்ந்திருந்த ஒருவரை எனக்குத் தெரியும். நல்ல வேலை ஒன்று வந்தது; தொடக்கத்தில் ஆறு மாதம் சம்பளம் குறைவு என்பதால் விட்டுவிட்டார். அந்தச் செலவை எந்தத் தாளில் அச்சடிப்பது?

ஆசிரியையிடம் அன்று நான் சொல்ல முடிந்தது ஒன்றே ஒன்றுதான். இடையில் கையில் பணம் வந்தால் அசலில் கட்டுங்கள், எவ்வளவு சீக்கிரம் முடியுமோ அவ்வளவு சீக்கிரம். நம் கணக்கில் முதல் ஆண்டு முடிவில் 1 லட்சம் கூடுதலாகக் கட்டினால், கடைசியில் 11 தவணைகள் உதிர்ந்துவிடும். அதே 1 லட்சத்தை பதினைந்தாம் ஆண்டு முடிவில் கட்டினால் மூன்றரைத் தவணைதான் உதிரும். ஆண்டுக்கு ஒரு தவணை மட்டும் கூடுதலாகக் கட்டிவந்தாலே 20 ஆண்டுக் கடன் பதினாறே முக்கால் ஆண்டில் முடியும். வட்டியில் 10 லட்சம் மிச்சம். இதையெல்லாம் பதினோரு வருடத்துக்கு முன்னாலேயே சொல்லியிருக்க வேண்டியவன் நான். அவருடைய எட்டுத் தாளிலும் கையெழுத்து வாங்கியதும் நான்தான். அதை அவரிடம் சொன்னேன். அவர் கோபப்படவில்லை. "இப்பவாவது சொன்னியே" என்று தாளை மறுபடி நான்காக மடித்துக்கொண்டார்.

அதன்பிறகு கையெழுத்து வாங்கும் முன் ஐந்தாம் தாளைத் திருப்பி, வட்டியும் அசலும் இடம் மாறும் வரிசையைப் பென்சிலால் வட்டமிட்டுக் காட்டத் தொடங்கினேன். சிலர் தலையாட்டிவிட்டுக் கையெழுத்துப் போட்டார்கள். ஓர் இளம் தம்பதி தாள்களை வீட்டுக்குக் கொண்டுபோய், அடுத்த வாரம் 15 ஆண்டு என்று மாற்றிக்கொண்டு வந்தார்கள். ஒருவர் வீட்டின் அளவையே குறைத்துக்கொண்டார். இன்னொருவர் எழுந்து போனவர் திரும்பவே இல்லை. அந்த மாத இலக்கு குறைந்ததற்கு நான் விளக்கம் எழுதிக் கொடுக்கவேண்டி வந்தது.

ஆசிரியை அடுத்த இரண்டு வருடத்தில் மூன்று தடவை பணம் கொண்டுவந்தார். முதல் தடவை படிவத்தில் இரண்டு கட்டங்கள் இருந்தன: தவணையைக் குறைக்க, காலத்தைக் குறைக்க. கவுன்டரில் இருந்த பையன் வழக்கம்போல முதல் கட்டத்தில் டிக் போடப் போனான். "தவணை அப்படியே இருக்கட்டும் கண்ணு, மாசத்தைக் குறை" என்று அவன் கையைப் பிடித்து நிறுத்தினார். மூன்றாவது தடவை கட்டிய பிறகு புதிய முடிவுத் தேதியை அச்சிட்டுக் கொடுத்தேன். ஓய்வுக்குப் பிறகு இன்னும் நான்கு மாதம் மிச்சம் இருந்தது. கண்ணாடியைக் கழற்றித் துடைத்துப் போட்டுக்கொண்டு, தேதியை இன்னொரு தடவை படித்தார். "இந்த நாலையும் அடுத்த வருஷம் பாத்துக்கறேன்" என்றார்.