பெரிய பலூன்

2019 ஜூன் கடைசி, கொழும்பு கொட்டாஞ்சேனையில் ஒரு ஐந்து வயதுப் பிள்ளையின் பேர்த்டே, பலூன் அலங்காரம் என் பொறுப்பு. ஏப்ரல் 21 ஈஸ்டர் குண்டுவெடிப்புகள் கழிந்து இரண்டு மாதம், அதில் சேதமான கொச்சிக்கடை அந்தோனியார் கோயிலைத் திருத்தித் திறந்து இரண்டு கிழமை, ஹோல் வாசலில் பரிசுப் பைகளைக்கூடத் திறந்து பார்த்துத்தான் உள்ளே விட்டார்கள். அப்படியிருந்தும் பெரிய பலூன் எனக்கு உறுத்தவில்லை. கேட்டது தாய்தான், நான் வற்புறுத்தவில்லை என்று இன்றைக்கும் சொல்லிக்கொள்கிறேன். ஆனால் அந்த 36 அங்குலப் பலூனுக்குள் டொபியும் மினுக்கமும் போட்டு, சத்தம் நல்லாக வரட்டும் என்று காற்றைக் கொஞ்சம் கூட அடித்தது நான்.

கேக் வெட்டினதும் குத்தினேன். பிள்ளைகள் டொபி பொறுக்கப் பாய, பெரியவர்களில் பாதிப்பேர் மேசைக்குக் கீழே. ஒருவரின் கையில் கடித்த ரோல்ஸ் அப்படியே இருந்தது. ஆளை ஆள் பார்த்துச் சிரித்துக்கொண்டு எழும்பினார்கள். அம்மம்மா எழும்பவில்லை. குப்புறப் படுத்து, இரண்டு காதையும் பொத்தி, வாயை ஆவென்று திறந்தபடி கிடந்தா. 2009இல் கடைசி யுத்தத்தில் முள்ளிவாய்க்கால் வரை போய்த் தப்பி வந்தவ என்பது பிறகுதான் தெரியும்.

பேரன் என் காற்சட்டையைப் பிடித்து இழுத்தான்.

"மாமா, அம்மம்மா என்ன செய்யிறா?"

"விளையாடுறா."

அவன் போய்ப் பக்கத்தில் படுத்தான், காதைப் பொத்தி, வாயைத் திறந்து. மற்றப் பிள்ளைகளும் வரிசையாகப் படுத்தார்கள், படக்காரர் படம் எடுத்தார். பிறகு ஒருவன் முள்ளுக்கரண்டியால் வளைவில் இருந்த பலூனைக் குத்தினான், விளையாட்டு திரும்பத் தொடங்கட்டும் என்று. அம்மம்மா தலையை இன்னும் தரையோடு அழுத்தினா.

ஐந்து வயதுப் பிள்ளைக்கு வேறென்ன சொல்வது? அது அந்த வீட்டாரின் கதை, நான் சொல்லக்கூடாது. சரி, பேசாமலாவது இருந்திருக்கலாமே. பயந்திட்டா என்று சொல்லியிருந்தால் அவன் போய்க் கட்டிப்பிடித்திருப்பான். பேரன் பக்கத்தில் படுத்ததே அவவுக்கு ஆறுதலாக இருந்திருக்கும் என்றும் சில நாள் நினைக்கிறேன், அப்படி நினைப்பது எனக்குத்தான் ஆறுதல்.

எல்லாரும் போன பிறகு அம்மம்மா வந்தா. "தம்பி, மிச்சத்தைச் சத்தமில்லாமல் உடைக்கேலாதோ?"

செலோடேப் ஒட்டி அதன் மேல் குத்தினால் றப்பர் கிழிந்து ஓடாது, காற்று மெல்ல இறங்கும். அவ டேப் வெட்டித் தர, நான் ஒவ்வொன்றாகக் குத்தினேன்.

"பிள்ளை கேட்டதுக்கு என்ன சொன்னனீங்கள்?"

"விளையாட்டு எண்டு சொன்னன், அம்மா."

ஒன்றும் சொல்லாமல் அடுத்த துண்டை வெட்டித் தந்தா.