வாக்கு இல்லை, கேள்வி கேட்கலாம்

ஜெர்மனியில் வேலை என்றதும் பெர்லின், மியூனிக் என்றுதான் மனம் போகும். வந்து சேரும் இடமோ சில ஆயிரம் பேர் மட்டும் வாழும் சிற்றூராக இருந்துவிடுவதுண்டு. இந்த நாட்டின் பெரிய நிறுவனங்கள் பலவும் அப்படிச் சிதறித்தான் இருக்கின்றன. எஸ்ஏபி என்ற மென்பொருள் நிறுவனத்தின் தலைமையகம் இருக்கும் வால்டோர்ஃபில் சுமார் 15,000 பேர்தான். கண்ணாடி வில்லைகளுக்குப் பேர்போன ட்சைஸ் இருக்கும் ஓபர்கோஹனில் சுமார் 8,000 பேர். என் கணவருக்கு வேலை கிடைத்ததும் பாடன்-வூர்ட்டம்பெர்க் மாநிலத்தில், ஸ்டுட்கார்ட்டிலிருந்து ரயிலேறி, பிறகு பஸ் மாறிப் போக வேண்டிய அப்படி ஓர் ஊரில்தான்.

புதிதாக வருகிறவர்கள் அரிசி எங்கே கிடைக்கும், மொழி வகுப்பு எங்கே என்று விசாரிக்கிறார்கள். இந்த ஊரை யார் நடத்துகிறார்கள் என்று யாரும் கேட்பதில்லை. கேட்டிருந்தால் அவர்கள் வாழ்க்கை இன்னும் சுலபமாகியிருக்கும் என்று பல குடும்பங்களைப் பார்த்துத் தோன்றியிருக்கிறது. அதனால்தான் இதை எழுதுகிறேன்.

முதல் வேலை, குடியேறிய இரண்டு வாரத்துக்குள் ராட்ஹவுஸ் எனப்படும் ஊர் அலுவலகத்துக்குப் போய் முகவரியைப் பதிவது. வீட்டுக்காரர் கையெழுத்திட்ட ஒரு படிவமும் பாஸ்போர்ட்டும் வேண்டும். இது வெறும் சடங்கு இல்லை. வரி எண் தபாலில் வருவது இந்தப் பதிவால்தான். ஊருக்கும் இதில் லாபம் உண்டு. மாநிலம் ஊர்களுக்குப் பிரித்துத் தரும் நிதியில் மக்கள்தொகை முக்கியமான அளவுகோல். நாடு முழுதும் வசூலாகும் வருமான வரியில் 15 சதவீதம் உள்ளாட்சிகளுக்கு என்று ஒதுக்கப்படுகிறது. எந்த ஊருக்கு எவ்வளவு என்பது அங்கே குடியிருப்பவர்கள் கட்டும் வரியை வைத்துக் கணக்காகிறது. குடியுரிமை இருக்கிறதோ இல்லையோ, நம் சம்பளப் பணம் இந்த ஊரின் தெருவிளக்கில் எரிகிறது. அதனால் யாரும் இங்கே விருந்தாளி மாதிரி ஒதுங்கி நிற்க வேண்டியதில்லை.

அடுத்து, எந்த வேலை யாருடையது என்று தெரிந்துகொள்வது. இது தெரியாமல் அலைகிறவர்கள் நிறைய. தொடக்கப்பள்ளிக் கட்டடம் ஊருடையது, ஆசிரியர் சம்பளம் மாநிலத்துடையது. கிட்டா எனப்படும் குழந்தைகள் காப்பகம், குடிநீர், உள்ளூர்த் தெருக்கள், கல்லறைத் தோட்டம் எல்லாம் ஊர். குப்பை, வண்டிப் பதிவு, ஓட்டுநர் உரிமம், எங்களைப் போன்ற சிற்றூர்வாசிகளின் விசா அட்டை, இவையெல்லாம் மாவட்ட அலுவலகமான லாண்ட்ராட்ஸ்அம்ட். 20,000 பேரைத் தாண்டிய ஊர் பெருநகரத் தகுதி கேட்டு வாங்கினால் மாவட்டத்தின் வேலைகள் சிலவற்றைத் தானே பார்க்கும். அங்கே மேயருக்கும் ஒரு படி உயர்ந்த பட்டம். குழந்தைக்கு ஒரு வயது நிரம்பினால் காப்பகத்தில் இடம் கேட்பது 2013 ஆகஸ்ட் முதல் சட்டப்படியான உரிமை. ஆனால் மாதக் கட்டணம் எவ்வளவு என்பது ஊருக்கு ஊர் மாறும். எங்கள் பகுதியில் அதை முடிவு செய்வது ஊர் மன்றம்.

அந்த ஊர் மன்றத்தைப் பற்றித்தான் அதிகம் சொல்ல வேண்டும்.

உள்ளூர் விஷயங்களை ஊரே தன் பொறுப்பில் நடத்திக்கொள்ளும் உரிமையை 1949ஆம் ஆண்டின் ஜெர்மன் அரசியல் சட்டம் 28ஆவது பிரிவில் உறுதி செய்திருக்கிறது. எங்கள் மாநிலத்தில் மன்றத்துக்கு ஐந்தாண்டு, மேயருக்கு எட்டாண்டு. மேயரை மக்களே நேரடியாகத் தேர்ந்தெடுக்கிறார்கள். அவரே மன்றத்துக்குத் தலைவர், அவரே நிர்வாகத்துக்கும் தலைவர். உறுப்பினர்களுக்கு இது சம்பள வேலை இல்லை, சிறு படி மட்டும்தான். பகலில் விவசாயி, பல் மருத்துவர், பள்ளி ஆசிரியை. மாலையில் மன்ற உறுப்பினர். கட்சி சாராத சுயேச்சைப் பட்டியல்களுக்கு இந்தப் பக்கத்துச் சிற்றூர்களில் நல்ல செல்வாக்கு. சாக்கடையைச் சரிசெய்யக் கட்சி எதற்கு என்பது இங்கே பலரும் சொல்வது.

கூட்டங்கள் திறந்த கதவோடு நடக்கின்றன. நிகழ்ச்சி நிரல் வாராவாரம் வரும் அம்ட்ஸ்பிளாட் என்ற ஊர்ப் பத்திரிகையில் வந்துவிடும். அதைப் படிக்காமல் பழைய காகிதத் தொட்டியில் போடுகிறவர்களைப் பார்த்தால் எனக்கு மனசு கேட்காது. எந்தத் தெரு எப்போது அடைபடும், நூலகத்தில் என்ன, தோட்டக் கழிவை எங்கே கொட்டலாம், எல்லாம் அதில் இருக்கும். மொழி பழகவும் அது நல்ல பாடப்புத்தகம்.

நான் முதலில் போன கூட்டத்தில் நெடுநேரம் பேசப்பட்டது, ஒருவர் தன் வீட்டுக் கூரையில் ஜன்னல் எடுப்பது பற்றி. கூரை எத்தனை டிகிரி சாயலாம், ஓடு என்ன நிறம் என்பது வரை சொல்லும் குடியிருப்புத் திட்டங்கள் இங்கே உண்டு. அதிலிருந்து விலகினால் மன்றத்தின் இசைவு வேண்டும். பிறகு தீயணைப்பு வண்டி வாங்குவது, பிறகு நீச்சல் குளம். நீச்சல் குளம் என்றதும் எல்லோர் முகமும் இறுகிவிட்டது. சட்டப்படி ஊர் செய்தே ஆக வேண்டிய வேலைகள் உண்டு, விரும்பினால் செய்கிற வேலைகள் உண்டு. குளமும் நூலகமும் இரண்டாவது வகை. ஊரிலுள்ள தொழிற்சாலைகளின் லாபம் குறைந்தால் அவை கட்டும் தொழில் வரி குறையும், பணம் குறைந்தால் முதலில் கை வைக்கப்படுவது இவற்றில்தான். ஏழெட்டு ஆயிரம் பேர் வாழும் ஊரில் குழந்தைகள் நீந்தப் பழக வேறு இடமே கிடையாது. அதைக் காப்பாற்ற ஒவ்வொருவரும் வரிசையாகப் பேசியதைக் கேட்டபோது, என்னை அறியாமலே நானும் அந்தக் கவலையில் ஒருத்தியாகிவிட்டேன்.

கூட்டத்தில் ஊர்வாசிகள் கேள்வி கேட்க நேரம் ஒதுக்குவதற்கு மாநிலச் சட்டமே இடம் தருகிறது. இதில் கவனிக்க வேண்டியது, குடிமக்கள் மட்டும் என்று சட்டம் சொல்லவில்லை. ஊரில் குடியிருந்தால் போதும். என் மகளின் காப்பகத்துக்குப் போகும் வழியில் ஒரு சாலையைக் கடக்க வேண்டும். வளைவில் வண்டிகள் வேகமாக வரும். அங்கே ஒரு கடவுப்பாதை வேண்டும் என்று கேட்டேன். ஜெர்மனில் எழுதி வைத்துக்கொண்டுதான் வாசித்தேன். மேயர் குறுக்கே பேசவில்லை. அது மாநிலச் சாலை, அதில் வேகத்தைக் குறைக்கும் அதிகாரம் ஊருக்கு இல்லை, மாவட்டப் போக்குவரத்துப் பிரிவுக்குத்தான், ஆனால் ஊர் சார்பில் மனு அனுப்புகிறோம் என்றார். அது அப்படியே பத்திரிகையிலும் வந்தது.

சில மாதம் கழித்து மாவட்ட அதிகாரி, போலீஸ், சாலைத் துறை எல்லோரும் அந்த வளைவில் வந்து நின்று பார்த்தார்கள். கடவுப்பாதை கிடைக்கவில்லை, மணிக்கு இத்தனை பேர் கடக்க வேண்டும் என்ற அளவுக்கு அங்கே ஆள் இல்லை. ஆனால் 2024 அக்டோபரில் நாட்டின் சாலை விதிகள் மாறி, பள்ளிக்குப் போகும் வழிகளில் 30 கிலோமீட்டர் வேகம் வைப்பது சற்று எளிதாகியிருந்தது. அந்தத் துண்டுக்கு அது கிடைத்தது. கேட்ட முழுதும் கிடைக்கவில்லைதான். ஆனால் யாரைப் பார்த்து, எதற்காக, எந்த விதியின் கீழ் கேட்பது என்று ஒவ்வொரு கட்டத்திலும் தெரிந்தது. தஞ்சாவூர்ப் பக்கம் எங்கள் ஊராட்சிக்கு 2016இல் காலம் முடிந்து 2019 டிசம்பரில்தான் அடுத்த தேர்தல் நடந்தது. அந்த இடைவெளியில் கேள்வி கேட்கவே ஊரில் ஆள் இல்லாமல் இருந்தது. அதைப் பார்த்துவிட்டு வந்தவளுக்கு இது பெரிய விஷயம்.

குடியுரிமை இல்லாதவர் செய்யக்கூடியது இன்னும் உண்டு. புதிய குடியிருப்புத் திட்டம் வந்தால் வரைபடங்களைப் பார்வைக்கு வைப்பார்கள், யார் வேண்டுமானாலும் எழுத்தில் கருத்துச் சொல்லலாம். குழந்தைகளும் பொதுமக்களில் சேர்த்திதான் என்று கட்டடச் சட்டமே சொல்கிறது. 16 வயது நிரம்பி மூன்று மாதம் குடியிருந்தவர்கள் கையெழுத்துச் சேர்த்து ஒரு விஷயத்தை மன்றம் விவாதிக்கும்படி கேட்கலாம். அப்புறம் தீயணைப்புப் படை. இந்த மாநிலத்தில் பெரிய நகரங்களுக்குத்தான் சம்பளப் படை கட்டாயம். எங்கள் ஊரில் தீப்பிடித்தால் ஓடுவது தன்னார்வலர்கள். பேக்கரிக்காரர் மாவுக் கையோடு ஓடியதைப் பார்த்திருக்கிறேன். என் கணவர் இப்போது அந்தப் படையில் பயிற்சி எடுக்கிறார். மொழியும் நட்பும் அலுவலகத்தில் கிடைத்ததைவிட அங்கேதான் அவருக்கு அதிகம் கிடைத்தன.

வாக்கு மட்டும் இல்லை. 2024 ஜூன் 9 அன்று உள்ளாட்சித் தேர்தல் நடந்தது. இங்கே வாக்குச் சீட்டுகள் முன்கூட்டியே வீட்டுக்கு வந்துவிடும், உட்கார்ந்து யோசித்து நிரப்பலாம். மன்றத்தில் எத்தனை இடமோ அத்தனை வாக்கு ஒருவருக்கு. பிடித்த ஒருவருக்கு மூன்று வரை தரலாம், வேறு பட்டியலிலிருந்தும் பெயர் எடுத்து எழுதலாம். மாடி வீட்டு அம்மா எனக்கு இதை விளக்கும்போது, சீட்டு வராத வீடு எங்களுடையது மட்டும்தான் என்பது உறைத்தது. கீழ்வீட்டு இத்தாலியக் குடும்பத்துக்கு உண்டு, ஐரோப்பிய ஒன்றியத்தார் என்பதால். மற்ற வெளிநாட்டவருக்கும் உள்ளூர் வாக்குரிமை தர ஷ்லெஸ்விக்-ஹோல்ஸ்டைன் மாநிலம் முயன்றது. 1990 அக்டோபரில் அரசியல் சட்ட நீதிமன்றம் அதை ரத்து செய்தது. இது நியாயமில்லை என்பதே என் கருத்து. பல ஆண்டுகளாக ஓரிடத்தில் வாழ்ந்து, வரி கட்டி, தீயணைக்க ஓடுகிறவருக்கு அந்த ஊரின் மேயரைத் தேர்ந்தெடுக்கும் உரிமை வேண்டும்.

ஆனால் வழி அடைபட்டுப் போகவில்லை. இங்கிருந்து அதிக தூரமில்லாத ஓஸ்டெல்ஸ்ஹைமில் 2023 ஏப்ரலில் ரையான் அல்ஷெப்ல் மேயராக வென்றார். 2015இல் சிரியாவிலிருந்து அகதியாக வந்தவர், வெல்லும்போது வயது 29. பக்கத்து ஊர் ராட்ஹவுஸில் வேலை பார்த்து நிர்வாகம் பழகி, குடியுரிமை வாங்கி, சுயேச்சையாக நின்று, முதல் சுற்றிலேயே 55 சதவீதத்துக்கு மேல் வாங்கினார். சுமார் 2,700 பேர் கொண்ட ஊர் அது. வீடு வீடாகப் போய்க் காப்பகம், நிர்வாகத்தை டிஜிட்டலாக்குவது என்று பேசியிருக்கிறார்.

2024 ஜூன் 27 முதல் ஐந்தாண்டு வாழ்ந்தவர்கள் ஜெர்மன் குடியுரிமை கேட்கலாம். பழைய குடியுரிமையை விட வேண்டும் என்று ஜெர்மனி கேட்பதில்லை. இந்தியாதான் இரட்டைக் குடியுரிமையை ஏற்பதில்லை. வீட்டில் இன்னும் பேசிக்கொண்டிருக்கிறோம். என் கணவருக்குப் பாஸ்போர்ட்டை ஒப்படைக்க மனமில்லை. அவர் சொல்வதும் எனக்குப் புரிகிறது. நான் படிவங்களை வாங்கி வந்துவிட்டேன். அடுத்த உள்ளாட்சித் தேர்தல் 2029இல்.