ஒரே ஒரு கோரிக்கை

சங்கக் கமிட்டியில் இருப்பவர்களுக்குக் கோரிக்கைப் பட்டியலை நீட்டிக்கொண்டே போகும் பழக்கம் உண்டு. போனஸ், கேன்டீன் சாப்பாடு, பஸ், காண்ட்ராக்ட் ஆட்களை நிரந்தரமாக்குவது, எல்லாம் ஒரே மனுவில். நான் பொறுப்பில் இருந்தபோது எங்கள் நிர்வாகம் அதில் மலிவானதைக் கொடுத்துவிட்டுப் பேச்சுவார்த்தை முடிந்தது என்றுவிடும். விலங்குகளுக்காகப் போராடிய ஹென்றி ஸ்பைராவைப் பற்றி அப்போதே தெரிந்திருந்தால் நன்றாக இருந்திருக்கும். அவர் ஒரு நேரத்தில் ஒரே ஒரு கோரிக்கையைத்தான் வைப்பார்.

1927இல் ஆன்ட்வெர்ப்பில் பிறந்த யூதர். பனாமா வழியாக 1940இல் நியூயார்க் வந்தார். கப்பல் மாலுமி, ஜெனரல் மோட்டார்ஸில் அசெம்பிளி லைன், அப்புறம் பள்ளி ஆசிரியர். மாலுமிகள் சங்கத்தில் தலைமையையே எதிர்த்து நின்றவர். முதலாளியை எதிர்ப்பதைவிட அது கஷ்டம். சங்கத்தில் இருந்தவர்களுக்குத் தெரியும்.

விலங்குகள் பக்கம் வந்தது நாற்பது வயதைத் தாண்டித்தான், விலங்குகளுக்காக எழுதிய தத்துவவாதி பீட்டர் சிங்கரின் வகுப்பில் உட்கார்ந்த பிறகு. நியூயார்க்கின் இயற்கை வரலாற்று அருங்காட்சியகத்தில் பூனைகளின் மூளையைச் சிதைத்து, அவற்றின் பாலியல் நடத்தையை ஆராய்ந்துகொண்டிருந்தார்கள். 1976இல் ஸ்பைரா அதைக் கையில் எடுத்தார். விலங்குச் சோதனை எல்லாவற்றையும் ஒழி என்று கேட்கவில்லை. இந்த ஒரு ஆய்வு நிற்க வேண்டும், அவ்வளவுதான். தகவல் பெறும் சட்டத்தில் ஆவணங்களை வாங்கினார், பேச அழைத்தார். அவர்கள் மதிக்கவில்லை என்றதும் வாராவாரம் வாசலில் மறியல். 1977இல் ஆய்வு நின்றது.

அழகுசாதன நிறுவனமான ரெவ்லானிடமும் இதே வழிதான். அழகுசாதனப் பொருட்களை முயலின் கண்ணில் விட்டுப் பார்க்கும் டிரெய்ஸ் சோதனைக்கு மாற்று வழி தேடப் பணம் ஒதுக்குங்கள் என்றார். பேச்சு நகரவில்லை. 1980 ஏப்ரலில் நியூயார்க் டைம்ஸில் முழுப்பக்க விளம்பரம் வந்தது: அழகுக்காக எத்தனை முயல்களைக் குருடாக்குகிறது ரெவ்லான்? அந்த டிசம்பரிலேயே, மாற்று வழி தேட ராக்பெல்லர் பல்கலைக்கழகத்துக்கு 7,50,000 டாலர் தருவதாக நிறுவனம் அறிவித்தது. எதிராளி கௌரவம் இழக்காமல் இறங்கிவர ஸ்பைரா ஒரு படியை விட்டுவைத்திருந்தார். எங்கள் கேட் மீட்டிங்கில் அப்படிப் பேசினால் விலைபோய்விட்டான் என்பார்கள். அவரையும் சிலர் அப்படித்தான் சொன்னார்கள்.

எனக்கும் ஒரு நெருடல் உண்டு. ஒப்பந்தம் பிடிக்காவிட்டால் உறுப்பினர்கள் கைதூக்கி நிராகரிக்கலாம்; முயலுக்கு அந்த வசதி இல்லை. ஆனாலும் பெரிய கோரிக்கையோடு காத்திருந்தவர்களால் அந்த முயல்களுக்கு அதுவரை ஒன்றும் கிடைக்கவில்லையே.

எல்லாம் ஜெயிக்கவும் இல்லை. மெக்சிகோவிலிருந்து வரும் மாடுகளின் முகத்தில் சூடு போடுவதை 1994இல் அமெரிக்க வேளாண் துறையைக் கைவிட வைத்தவரால், கோழி வியாபாரி ஃபிராங்க் பெர்டியூவை அசைக்கவே முடியவில்லை.