சின்ன ‘ர’ போட்ட பரவை

ஐப்பசியில் தம்பிக்குப் பெண் குழந்தை பிறந்தது. எங்கள் வீட்டில் பெயர் சொல்லும் உரிமை அத்தைக்கு. நான் ‘பரவை’ என்றேன். தொலைபேசியில் சற்று நேரம் சத்தமே இல்லை. பிறகு அம்மா கேட்டார்: “பறவையா? பறந்துபோகிறதை ஏனம்மா குழந்தைக்கு வைக்கிறாய்?” தம்பி மனைவிக்கு வேறு கவலை. “அண்ணி, அது ஊர்ப் பெயர் அல்லவா? பரவை முனியம்மா என்று பாடுவார்களே!”

அவள் சொன்னதும் சரிதான். மதுரையை ஒட்டி அந்தப் பெயரில் ஓர் ஊர் இருக்கிறது. அதன் பெயரை நாடறியச் செய்தவர் அந்த நாட்டுப்புறப் பாடகி. ஆனால் நான் சொன்ன பரவை திருவாரூர்க்காரி, தேவாரம் பாடிய சுந்தரரின் மனைவி. அவள் நடந்த தெருவில் ஒருமுறை நடந்துவிட்டு வந்து வீட்டில் பேசலாம் என்று கார்த்திகை முதல் வாரத்தில் பஸ் ஏறினேன்.

விக்கிரவாண்டியில் தஞ்சைச் சாலைக்குத் திரும்பியதுமே பனையபுரம் கூட்டு ரோடு வந்துவிடுகிறது. இந்தப் பனையபுரத்தைச் சோழர் கல்வெட்டுகள் பரவைபுரம் என்கின்றன. முதலாம் இராசேந்திர சோழனுக்கு நெருக்கமாயிருந்த பரவை நங்கையின் பெயரில் எழுந்த பெயர் அது. பஸ் நிற்கவில்லை. ஜன்னல் வழியே பெயர்ப் பலகையைப் பார்த்ததோடு சரி.

விடியற்காலையில் திருவாரூர். பையை அறையில் வைத்துவிட்டு நேரே கமலாலயக் குளத்துக்குப் போனேன். ‘கோயில் ஐந்து வேலி, குளம் ஐந்து வேலி, ஓடை ஐந்து வேலி’ என்று இந்த ஊரைப் பற்றிச் சொல்வார்கள். வேலி என்பது பழைய நில அளவு. மழைக்காலத் தண்ணீர் மேல்படிகள் வரை ஏறியிருந்தது. நடுவில் நாகநாதர் கோயில் தீவாக நின்றது. அப்போது ஒரு காற்று வீசியது. மேலைக் கரையில் எழுந்த சிற்றலை மெல்ல மெல்லப் பரவி, நான் உட்கார்ந்திருந்த படியை வந்து நனைத்தது. பெயரின் பொருளை அம்மாவுக்கு எப்படிச் சொல்வது என்று வழியெல்லாம் யோசித்து வந்தவளுக்கு அந்த அலையே சொல்லிக் கொடுத்தது.

‘பரவு’ என்ற வினையிலிருந்து வந்த சொல் பரவை. பரந்து கிடப்பது பரவை. ஆகவே கடல் பரவை. பழைய தமிழில் இதே ‘பரவு’ என்ற சொல்லுக்குப் போற்று, வணங்கு என்றும் பொருள் உண்டு. ஒரு பெண் குழந்தையைக் கடலே என்று கூப்பிடும் பெயர் இது. பறக்கிற பறவைக்கு வல்லின ‘ற’. இவளுக்கு இடையின ‘ர’, நம் வீடுகளில் சின்ன ‘ர’ என்பார்களே, அது. காதுக்கு ஏறக்குறைய ஒன்றாகிவிட்ட அந்த இரண்டு எழுத்துகளால்தான் இவ்வளவு நல்ல பெயர் வீடுகளிலிருந்து மறைந்துபோனதோ என்று எனக்கு வருத்தம்.

பரவையார், கோயிலில் ஆடிப் பாடித் தொண்டு செய்த உருத்திர கணிகையர் குலத்தில் பிறந்தவர். எட்டாம் நூற்றாண்டில் வாழ்ந்தவராகப் பெரும்பாலோர் கொள்ளும் சுந்தரர், திருவாரூர்க் கோயிலுக்கு வந்த இடத்தில் அவரைக் கண்டு மணந்துகொண்டார். கயிலையில் தேவியின் தோழி கமலினியாக இருந்தவரே இங்கே பரவையாய்ப் பிறந்தார் என்பது புராணம். இந்தப் பெயருக்கு எனக்குப் பெரிய சான்று புராணம் அல்ல. சுந்தரரின் பாட்டுக்குள்ளேயே மனைவியின் பெயர் இருக்கிறது.

முதுகுன்றத்தில், அதாவது இன்றைய விருத்தாசலத்தில், அவருக்கு இறைவன் 12,000 பொன் தருகிறார். அதை அங்கே மணிமுத்தாற்றில் போட்டுவிட்டு, திருவாரூர்க் குளத்தில் எடுத்துக்கொள்ளச் சொல்கிறார். நான் உட்கார்ந்திருந்த இந்தக் கமலாலயம்தான் அந்தக் குளம். சுந்தரர் இறங்கித் துழாவுகிறார், பொன் அகப்படவில்லை. ஆற்றில் போட்டுவிட்டுக் குளத்தில் தேடுகிறீர்களே என்று கரையில் நின்ற பரவையார் சொன்னதாகப் பெரிய புராணத்தில் சேக்கிழார் எழுதுகிறார். அப்போது பாடிய பதிகத்தில் இந்த அடி வருகிறது: ‘வம்பமரும் குழலாள் பரவை இவள் வாடுகின்றாள்.’

‘இவள்’ என்ற சொல்லில் என் மனம் நின்றுவிட்டது. ஊரில் இருக்கிறவளைப் பற்றி என்றால் ‘அவள்’ என்றிருப்பார். இவள் என்கிறார். கை நீட்டினால் எட்டும் தொலைவில், ஈரப் படிக்கட்டில், அவள் நின்றிருக்கிறாள். ஆயிரத்து இருநூறு ஆண்டுகளுக்குப் பிறகும் அந்தச் சுட்டு கரையில் நிற்கிற ஒருத்தியைக் காட்டுகிறது. நான் அந்த அடியை வாய்விட்டு இரண்டு முறை சொல்லிப் பார்த்தேன்.

இன்னொரு பாட்டு திருக்கோளிலியில் பாடியது. அந்த ஊர் இன்று திருக்குவளை. அருகே குண்டையூரில் கிடைத்த நெல்லைக் கொண்டுபோக ஆள் வேண்டும் என்று இறைவனிடம் கேட்கிறார்: ‘பரவை பசி வருத்தம் அது நீயும் அறிதி அன்றே.’ வீட்டில் உலை வைக்க அரிசி இல்லை என்பதை இதைவிடக் கூச்சமில்லாமல் கடவுளிடம் சொன்னவர் யார்? கடல் என்று பெயர் கொண்டவளின் பசியைப் பாட்டில் வைத்துவிட்டார்.

அன்றிரவு பூதகணங்கள் நெல்லைச் சுமந்து வந்து திருவாரூர்த் தெருக்களை நிரப்பிவிட்டன. விடிந்தால் நடக்க வழியில்லை. பரவையார் முரசு அறைவித்தார்: அவரவர் வாசல் எல்லையில் கிடக்கும் நெல்லை அவரவரே எடுத்துக்கொள்க. பசித்திருந்தவள் கூட்டிச் சேர்த்துப் பூட்டி வைக்கவில்லை. வீதிகளில் நடந்தபோது ஒவ்வொரு வாசற்படியையும் பார்த்துக்கொண்டே போனேன். ஒரு வீட்டில் கோலமாவு டப்பாவைக் கையில் வைத்தபடி ஒரு பாட்டி, ஈரத்தரை உலரட்டும் என்று காத்திருந்தார்.

திருவொற்றியூரில் சங்கிலியாரைச் சுந்தரர் இரண்டாவதாக மணந்துவிட்டு வந்தபோது பரவையார் கதவைத் திறக்க மறுத்ததும், ஊடல் தீர்க்க ஆரூர் இறைவனே இரவில் இருமுறை தூது நடந்ததும் எல்லாருக்கும் தெரிந்த கதை. அந்தக் கோபமும் எனக்குப் பிடிக்கும்.

கோயிலுக்குள் போனேன். இங்கே இரண்டாவது பரவையும் இருக்கிறாள். 1014 முதல் 1044 வரை ஆண்ட முதலாம் இராசேந்திரன், தியாகராசர் திருக்கோயிலைக் கற்றளியாக்கி, அதாவது கல் கோயிலாக்கி, பொன் வேய்ந்தான். கல்வெட்டில் அவனோடு அனுக்கியார் பரவை நங்கையின் பெயரும் இருக்கிறது. அனுக்கி என்றால் நெருக்கமானவள். இருவரும் நின்று வணங்கிய இடம் தெரியும்படி அங்கே ஒரு குத்துவிளக்கு வைக்கப்பட்டதாக அந்தக் கல்வெட்டு சொல்கிறது. கங்கை வரை படை அனுப்பிய அரசன், ஒரு பெண்ணோடு தான் நின்ற அந்த ஓரடி நிலத்துக்கு விளக்கு வைத்திருக்கிறான். சந்நிதியின் முன் கூட்டத்தோடு நின்றபோது என் கண் தீபாராதனையை விட்டுத் தரையைத் தேடியது.

கடைசியாகக் கீழவீதி. தேரடிக்குப் பக்கத்தில் தூவாய்நாதர் கோயில், பாடல் பெற்ற தலம். அதன் பெயர் பரவையுண்மண்டளி. இங்கே பரவை கடல்தான்: ஊழிக்காலத்தில் பொங்கி வந்த கடலை இறைவன் உண்ட மண் தளி என்பது தலபுராணம். பிரிந்து போகமாட்டேன் என்று சங்கிலியாருக்குச் செய்த சத்தியத்தை மீறிக் கண்ணிழந்த சுந்தரர், ஆரூர் திரும்பியதும் முதலில் வந்து பாடிய இடமும் இதுவே. ஒரே சொல் கடலாகக் கோயில் பெயரிலும், மனைவியாகப் பாடினவர் வீட்டிலும் இருந்த ஊர் இது.

உள்ளே என்னைத் தவிர யாரும் இல்லை. குழந்தை பெயரில் அர்ச்சனை செய்ய வேண்டும் என்றேன். குருக்கள் தட்டை வாங்கிக்கொண்டு கேட்டார்.

“பெயர், நட்சத்திரம்?”

“பரவை. ரேவதி.”

திரும்பக் கேட்பார் என்று சின்ன ‘ர’ என்று சொல்ல வாயெடுத்தேன். அவர் கேட்கவில்லை.

“நாச்சியார் பெயரா? சரி அம்மா” என்று சொல்லிவிட்டு உள்ளே போனார். கருவறையிலிருந்து அந்தப் பெயர் பிசகில்லாமல் கேட்டது. அதன் பிறகுதான் தம்பிக்குத் தொலைபேசி செய்தேன்.