ரூபிள் விழுந்தபோது அப்பா நட்ட தேயிலை

கோத்தகிரியில் மூன்று நாளாக விடாத மழை. இலை பறிக்க ஆள் வரவில்லை. அதனால்தான் ரகுராம் ராஜனின் ‘ஃபால்ட் லைன்ஸ்’ புத்தகத்தை ஒருவழியாக முடித்தேன். 2008 நிதி நெருக்கடி எப்படி வந்தது என்று 2010-ல் எழுதியது.

2005 ஆகஸ்டில் அமெரிக்காவின் ஜாக்சன் ஹோலில் ஒரு கூட்டம். அமெரிக்க மத்திய வங்கியின் தலைவராக இருந்த ஆலன் கிரீன்ஸ்பானின் காலத்தைப் பாராட்டி முடிப்பதற்காகக் கூடியது என்றே சொல்லலாம். அங்கே போய், நிதித்துறை இப்படி வளர்ந்ததே உலகத்துக்கு ஆபத்தாகியிருக்கலாம் என்றார் ராஜன். அப்போது அவர் சர்வதேச நாணய நிதியத்தின் (ஐ.எம்.எஃப்.) தலைமைப் பொருளாதார நிபுணர். அமெரிக்காவின் முன்னாள் நிதியமைச்சர் லாரி சம்மர்ஸ் உட்படப் பலர் அவரைப் பிடிபிடியென்று பிடித்தார்கள்.

அவர் சொன்னதைச் சுருக்கினால் இவ்வளவுதான்: நிதி மேலாளருக்கு நல்ல வருடங்களில் போனஸ் வருகிறது. எப்போதோ ஒருமுறை வரும் பெரிய அடியைச் சுமப்பவர் வேறு யாரோ. ஆகவே அவர் அந்த அடியைக் கணக்கில் சேர்ப்பதே இல்லை.

படித்ததும் எனக்கு வால் ஸ்ட்ரீட் நினைவுக்கு வரவில்லை. எங்களிடம் பச்சை இலை வாங்கிப்போகும் ஏஜெண்ட்தான் நினைவுக்கு வந்தார். 1998-ல் பச்சைத் தேயிலைக்கு நல்ல விலை. அவருக்குக் கிலோவுக்கு இவ்வளவு என்று கமிஷன், அதனால் கேட்டவர்களுக்கெல்லாம் அட்வான்ஸ் கொடுத்தார். அப்பா அதை வாங்கி, உருளைக்கிழங்கு போட்டிருந்த துண்டு நிலத்திலும் தேயிலை நட்டார். அந்த ஆகஸ்டில் ரஷ்யாவின் நாணயமான ரூபிள் சரிந்தது. நீலகிரித் தேயிலைக்கு அப்போது பெரிய சந்தையே ரஷ்யாதான். தரம் கெட்டது, வரத்து கூடியது என்று வேறு காரணங்களும் உண்டு. நாற்று வளர்ந்து இலை பறிக்கும் நிலைக்கு வருவதற்குள் விலை பாதிக்கும் கீழே போய்விட்டது. ஏஜெண்டுக்குக் கமிஷன் குறைந்தது, அவ்வளவுதான். எங்கள் இலைச் சீட்டில் மாதாமாதம் அட்வான்ஸ் கழிந்துகொண்டே இருந்தது.

ஏற்றுமதியை நம்பியே வளரும் நாடுகளைப் பற்றியும் ராஜன் எழுதுகிறார். இவர்கள் விற்க வேண்டுமானால் எங்கோ ஒருவர் கடன்பட்டாவது வாங்க வேண்டும். என்னை அதிகம் உறுத்தியது வேறு இடம். அமெரிக்காவில் நடுத்தர மக்களின் சம்பளம் உயரவில்லை. அதைச் சரிசெய்வது கடினம். அதனால் அரசியல்வாதிகள் வீட்டுக்கடனை எளிதாக்கினார்கள் என்கிறார். எங்களுக்கும் இது பழக்கம்தான்: இலைக்கு விலை கேட்டுப் போனால் கடன் விண்ணப்பத்தோடு திரும்பி வருவோம்.

ராத்திரி அப்பாவிடம் இதையெல்லாம் சொன்னேன். அடுப்பில் கை காட்டியபடி கேட்டுக்கொண்டிருந்தார்.

“ஏஜெண்டை ஏம்ப்பா திட்டுற? ரூபிள்னா என்னன்னு அவருக்கு மட்டும் தெரியுமா?” என்றார். அப்புறம், “அப்படிப் பேசினதுக்கு அந்த ராஜனுக்கு வேலை போச்சா?”

“இல்லப்பா. 2013-ல நம்ம ரிசர்வ் வங்கிக்கே கவர்னரா வந்தார்.”

“சரி, அப்ப பொழைச்சுக்கிட்டார்” என்று சொல்லிவிட்டு, நாளைக்காவது ஆள் வருமா என்று கேட்டார்.